கொடி விழும் வரை

கொடி இன்னும் விழவில்லை. மயிலை மாடு கன்று போட்டபோது வெயில் உச்சியில் இருந்தது. இப்போது வெள்வேல மரங்களின் நிழல் கிழக்கே நீண்டு வேலியைத் தொட்டுவிட்டது, நஞ்சுக்கொடி மட்டும் பாதி வெளியே வந்து மாட்டின் பின்னங்கால்களுக்கு நடுவில் தொங்கிக்கொண்டே இருந்தது. அதைப் பார்த்தபடி சென்னியப்பன் மரத்தடியில் குத்தவைத்திருந்தார். கிளுவை வேலிக்கு அந்தப் பக்கம் நாய்களும் அதையேதான் பார்த்துக்கொண்டு படுத்திருந்தன. நல்ல கூட்டாளிகள் வாய்த்தார்கள் என்று நினைத்துக்கொண்டார். பிறந்ததிலிருந்து இந்தக் கொரங்காட்டில் கிடந்து, இதன் செம்மண்ணைத் தின்று, இதன் முள்ளைக் காலில் வாங்கி, கடைசிக் காலத்தில் கூட உட்கார்ந்து காத்திருக்கக் கிடைத்தது இந்தச் சொறி பிடித்த ஜென்மங்கள். ஒன்றுக்கு வாயோரம் எச்சில் நூலாக இறங்கிக்கொண்டிருந்தது. துடைக்கக்கூட அதற்குத் தோன்றவில்லை, நாய் எங்கே துடைக்கும், ஆனால் அவருக்குத் தன் வாயைத் துடைத்துக்கொள்ள வேண்டும் போலிருந்தது, துண்டால் துடைத்துக்கொண்டார், துண்டில் பனிக்குடத்துத் தண்ணீரின் வாடை. அது அருவருப்பில்லை. அந்த வாடையோடு அவர் எத்தனையோ பொழுது சோறு தின்றிருக்கிறார். மழையை மட்டும் நம்பிக் கிடக்கும் மேய்ச்சல் காடு இது, ஏர் பட்டு எத்தனையோ வருசம் ஆகிறது, கொழுக்கட்டைப் புல் தானாக முளைத்துத் தானாகக் காயும். மாடுகள் இரவும் பகலும் இதற்குள்ளேயே கிடக்கும், இதற்குள்ளேயே சினையாகும், இதற்குள்ளேயே ஈனும். இதில் பிறந்த எந்தக் கன்றும் முதல் ராத்திரியைக் கூரைக்கு அடியில் கழித்ததில்லை. அப்பன் காலத்திலும் இல்லை, அப்பனுக்கு அப்பன் காலத்திலும் இல்லை. முதல் ராத்திரிப் பனி முதுகில் விழ வேண்டும், அப்போதுதான் மண்ணுக்கு அது தன் மாடு என்று தெரியும் என்பார்கள். இவனும் அதைத்தான் நம்பினான், இவன் என்றால் தான்தான், சில நேரம் அவருக்குத் தன்னை யாரோ ஒருத்தனாக நினைத்துத் திட்டுவது சௌகரியமாக இருந்தது. இன்றைக்கு ராத்திரி இந்தக் கன்று எங்கே படுக்கும். அதுதான் கேள்வி. கொடி விழட்டும், அப்புறம் யோசிக்கலாம்.

காற்று திரும்பியது, வாடை வந்தது. வடக்கே வேலியை ஒட்டி அவர் மகன் தனபால் தன் பங்கில் போட்டிருக்கும் கோழிச் செட்டிலிருந்து வருகிற வாடை. செட்டு இப்போது காலிதான், போன வாரம் கோழியை ஏற்றி அனுப்பிவிட்டான், அடுத்த குஞ்சு வர இன்னும் நாள் இருக்கிறது, கழுவிச் சுண்ணாம்பும் அடித்துவிட்டான். ஆனாலும் அது நாறும். சுவர் நாறும், கம்பி நாறும், அந்தப் பக்கத்து மண்ணே நாறும். முதலில் கண்ணைக் கரிக்கும் ஒரு நெடி, அதற்கு அடியில் இனிப்பாக ஒன்று. செத்த கோழிகளைப் புதைக்கிற குழியிலிருந்து வருவது அது. ஆழமாகத் தோண்டு என்று எத்தனை தரம் சொல்லியிருப்பார். இந்த மண்ணில் ஒரு முழத்துக்குக் கீழே பாறை, எங்கே தோண்டுவது என்பான். மேலாக நாலு கூடை மண்ணை அள்ளிப் போட்டுவிட்டுப் போய்விடுவான். அவன் வண்டிச் சத்தம் அந்தப் பக்கம் அடங்கினால் இந்தப் பக்கம் நாய்கள் பறிக்கும். இறகும் தோலுமாக இழுத்துக்கொண்டு வந்து புல்லுக்குள் வைத்துத் தின்னும். கொழுக்கட்டைப் புல்லின் தூரில் வெள்ளை வெள்ளையாக இறகு. மேய்கிற மாடு அந்த இடத்தில் வாயை வைத்துவிட்டு, மூச்சை ஒருமுறை பலமாக விட்டு, நகர்ந்து போகும். மாட்டுக்கு இருக்கிற சூடு சொரணை மனிதனுக்கு இல்லை. தீவன லாரி வரவேண்டும் என்று தனபால் வேலியில் ஒரு லாரி அகலத்துக்குக் கிளுவையை வெட்டினான். ஒவ்வொரு கிளுவையும் அவருடைய அப்பன் கையால் ஊன்றியது, அதைச் சொன்னால் நாடகம் போடுகிறார் என்பான், சொல்லவில்லை. வெட்டிய இடத்தில் இரண்டு இழை கம்பியை இழுத்துக் கட்டினான். மாடு தாண்டாது, சரிதான். நாய்க்கு என்ன, அது வயிற்றைத் தரையில் தேய்த்துக்கொண்டு நுழைகிறது. தாண்டிக்கூட வருவதில்லை, தேய்த்துக்கொண்டு வருகிறது, அதுதான் அவருக்குத் தாங்கவில்லை. அதற்கு ஒரு மரியாதை வேண்டாமா. காறிக்கொண்டு வந்தது, துப்பினார். துப்பியது தன் நிலத்தில்தான் விழுந்தது, உடனே காலால் மண்ணைத் தள்ளி மூடினார், அவன் கோழியை மூடுகிற மாதிரி.

மயிலை திரும்பிப் பார்த்தது. கன்று எழுந்து நிற்கப் பார்த்து விழுந்தது, மறுபடியும் பார்த்து, நாலு காலையும் நாலு திசைக்கு வைத்துக்கொண்டு நின்றது. செவலையாக இருந்தது, எல்லாக் கன்றும் செவலையாகத்தான் விழும், ஆறு மாதம் போனால் இந்தச் சிவப்பு கழன்று தாயின் சாம்பல் நிறம் வரும். காலையிலேயே மயிலை மற்ற மாடுகளை விட்டுப் பிரிந்து இந்த வடமூலைக்கு வந்துவிட்டது. அதற்கென்று அடைத்துப் போட்டிருந்த புல் இங்கேதான் இடுப்புயரம் நின்றது, ஈனப்போகிற மாடு மறைவு தேடும், அதைத் தப்பு சொல்ல முடியாது. மறைவு என்று அது தேடி வந்த இடம் குழிக்குப் பக்கம். கன்று விழுந்ததும் அவர்தான் அதன் குளம்பு நுனியில் இருந்த மெத்து மெத்தென்ற சதையைக் கிள்ளி எடுத்தார், கிள்ளியதைத் தூர எறியாமல் மடியில் முடிந்துகொண்டார், எறிந்தால் நாய் ருசி பார்க்கும். இப்போது இடுப்பில் அது ஈரமாக ஒட்டிக்கொண்டிருந்தது. இனி கொடி விழ வேண்டும், விழுந்ததை மாடே தின்றுவிடாமல் எடுக்க வேண்டும், வைக்கோலில் பொதிந்து பழஞ்சாக்கில் கட்டி ரோட்டோரத்து ஆலமரத்தில் ஏற்றித் தொங்கவிட வேண்டும். பால் வடிகிற மரத்தில் கட்டினால் மடியில் பால் கட்டும். அதற்கும் இப்போது கேடு வந்துவிட்டது, அந்த வழியாகப் போகிற கார்க்காரர்கள் மூக்கைப் பொத்துகிறார்களாம், மருமகள் கோமதி சொன்னாள். ஊரே நாறுதுங் மாமா, இதெல்லாம் இன்னும் எதுக்குங் என்றாள். கோழிக் குழிக்கு இருபது அடியில் துணி காயப்போடுகிறவள், மாட்டுக் கொடி நாறுகிறது என்கிறாள். இன்னொரு கூட்டம், ஜீன்ஸ் போட்டுக்கொண்டு கோயமுத்தூரிலிருந்து வந்தது, நாட்டு மாடு நாட்டு மாடு என்று பொலிக்கு விடும் பூச்சிகாளையின் கழுத்தைக் கட்டிக்கொண்டு படம் பிடித்தது. ஐயா நீங்கதான் உண்மையான ஆள் என்று அவர் தோளிலும் கை போட்டது. அந்தக் கையில் ஏதோ சென்ட்டு. போகும்போது தண்ணீர் பாட்டிலை வேலிக் கடவு வாசலில் போட்டுவிட்டுப் போனது. உண்மையான ஆள். சாணி அள்ளுகிறவனை உண்மை என்றும், சாணி அள்ளாதவன் அதைச் சொல்லலாம் என்றும் எவன் ஏற்பாடு செய்தானோ. அவர்கள் இன்றைக்கு வந்து இந்த நாய்களோடு ஒரு படம் பிடிக்கட்டும்.

நாய்களில் ஒன்று எழுந்து கொட்டாவி விட்டது. ஈறு தெரிந்தது, கறுப்பும் சிவப்பும் கலந்த ஈறு, அதைப் பார்த்ததும் போன மாதத்துக் காலை ஒன்று நினைவுக்கு வந்துவிட்டது. வேண்டாம் என்று தலையைத் திருப்பிக்கொண்டார். தண்ணீர்த் தொட்டியைப் பற்றி நினைத்தார், தொட்டியில் பாசி பிடித்திருக்கிறது, நாளைக்குத் தேய்க்க வேண்டும், தேங்காய் நார் கொண்டு வர வேண்டும். அன்றைக்கும் தொட்டிக்குத்தான் வந்தார். விடிந்ததும் விடியாததுமாக வந்தார், காரி மாடு தொட்டிப் பக்கம் நின்றுகொண்டிருந்தது, மடி வீங்கிப் பால் தானாகச் சொட்டிக்கொண்டிருந்தது. கன்று எங்கே என்று கேட்டார். மாட்டிடம்தான் கேட்டார். மாடு கத்தவில்லை, ராத்திரியெல்லாம் கத்தித் தீர்ந்திருக்கும். தொட்டியை ஒரு கொட்டாங்கச்சியால் சுரண்டினாலும் போகும், நார்தான் வேண்டுமென்று இல்லை. வேலியோரம் புல் படுத்திருந்தது. அங்கே போனார். போயிருக்க வேண்டியதில்லை. நாலு கால் இருந்தது, அதுவும் நாலும் ஒரே இடத்தில் இல்லை. ஒரு நாய் அவரைப் பார்த்த பிறகும் வாலை ஆட்டிக்கொண்டே நின்றது, மூக்கு வரை சிவப்பாக, வீட்டு நாய் எசமானைப் பார்த்து ஆட்டுகிற மாதிரி ஆட்டியது. அதுதான். ரத்தமில்லை, கால் இல்லை, அந்த வால். பனி முதுகில் விழ வேண்டும் என்று முதல் நாள் சாயங்காலம் இதே வாயால் சொல்லிவிட்டு வீட்டுக்குப் போய்ப் படுத்தவர் அவர். வெளிச்சம் போனால் கண் மங்குகிறது, அதனால் பொழுதோடு போய்விடுவார். நன்றாகத் தூங்கினார் அன்றைக்கு. எழுந்து காப்பி குடித்துவிட்டு வந்தார்.

வேலிக்கு அப்பால் யாரோ கல்லை விட்டெறிந்தார்கள், நாய்கள் எழுந்து நாலடி தள்ளிப் போய் மறுபடியும் படுத்தன. பாவாத்தா. பக்கத்துக் காட்டுக்காரி, புருசன் செத்த பிறகு ஆடுகளை வைத்தே மூன்று பெண்களைக் கட்டிக் கொடுத்தவள். சித்திரையில் ஒரு ராத்திரி இந்த நாய்கள் பட்டிக்குள் புகுந்து ஆட்டில் பாதியைக் கடித்துப் போட்டன, தின்னக்கூட இல்லை, கடித்துக் கடித்துப் போட்டன. மீதியை அந்த வாரமே விற்றுவிட்டாள். இப்போது பனியன் கம்பெனிக்கு வேனில் போகிறாள், இன்றைக்கு ஞாயிற்றுக்கிழமை என்பதால் விறகுக்கு வந்திருப்பாள்.

"ஏனுங் மாமா, கொடி இன்னும் உழுவலைங்களா?"

"உழுந்திருந்தா நான் ஏம்புள்ள இங்க குக்கிக்கிட்டு இருக்கறேன்."

அவள் வேலி மேலாக எட்டி மாட்டைப் பார்த்தாள், கன்றைப் பார்த்தாள், கிடேரியா என்று கேட்டாள், ஆமாம் என்றார். ஊருக்குள் போய் யாரையாவது கூட்டி வரட்டுமா என்று கேட்டாள். தனபால் தீவனம் எடுக்க வெள்ளகோவில் போயிருக்கிறான், வேறு யாரும் வேண்டாம் என்று சொல்லிவிட்டார்.

"பொழுது உழறதுக்குள்ள கன்னைத் தூக்கிக்கிட்டுப் போயிருங். ஊட்டு வரைக்கும் ஆவாது, உங்களுக்கும் ஆவாது, கன்னுக்கும் ஆவாது. இந்தா, தனபாலு செட்டு காலியாத்தான கெடக்குது. நாலு பக்கமும் கம்பி வலை. உள்ள உட்டுச் சாத்திருங்."

"அந்தப் பீக்கொட்டாய்க்குள்ள எம் மாடு போவாது. நானும் போவ மாட்டேன்."

"நானும் இப்படித்தானுங் சொன்னேன்," என்றாள் பாவாத்தா. "எம் பட்டிய நான் எதுக்கு மாத்தோணும்னு."

விறகுக் கட்டைத் தலையில் ஏற்றிக்கொண்டு அவள் போய்விட்டாள். போன பிறகு அவள் மேல் கோபம் வந்தது. யோசனை சொல்ல வந்துவிட்டாள். செட்டுக்குள் ஒரு நாளும் கால் வைக்கமாட்டேன் என்று அஸ்திவாரம் போட்ட அன்றைக்கே அவர் சொன்னார், இன்றுவரை வைக்கவில்லை, பந்தல் போட்டு வடை பாயசத்தோடு சாப்பாடு போட்டபோதும் வேலிக்கு இந்தப் பக்கமே நின்றார். ஊரில் அதை ஒரு பெருமையாகப் பேசிக்கொண்டார்கள், கிழவன் வைராக்கியக்காரன் என்று. பெருமை. இன்றைக்கு மத்தியானம் கோமதி தூக்கில் கொடுத்து விட்டது கோழிக் குழம்பு. மகன் வளர்த்த கோழிதான், ஏற்றும்போது கால் ஒடிந்து நின்றுபோனதை எடுத்து வைத்திருப்பாள். இதே மரத்தடியில் உட்கார்ந்து சாப்பிட்டார். நன்றாக இருந்தது. தொடை எலும்பை உடைத்து உள்ளே இருந்ததை உறிஞ்சினார். கட்டுப்பல்லுக்கு இடையில் இன்னும் ஒரு நார் கிடக்கிறது, நாக்கு அதையே போய்ப் போய்த் தொடுகிறது. வேலிக்கு அந்தப் பக்கம் படுத்திருப்பவற்றின் வாயிலும் அதே கோழி. அவற்றுக்குக் குழம்பு வைத்துக் கொடுக்க ஆள் இல்லை, அவ்வளவுதான். பல்லைக் கழற்றி அந்த நாரை எடுத்து எறியலாமா என்று பார்த்தார், எறிந்தால் நாய் வரும், சட்டையில் துடைத்துக்கொண்டார். சீ. இந்த உடம்பு, இதில் எது இந்த நிலத்துக்கு உரியது என்று அவருக்கு விளங்கவில்லை. முழங்காலில் ஒரு சரளைக்கல் சின்ன வயதில் ஏறியது, இன்னும் உள்ளே இருக்கிறது, தடவினால் உருளும். அது ஒன்றுதான் போலிருக்கிறது. மிச்சமெல்லாம் மாத்திரையும் கோழியும். இதை வைத்துக்கொண்டு நாய்களை விரட்டவா. போன வாரம் தொட்டியடியில் வழுக்கி விழுந்து எழுந்திரிக்க முடியாமல் கிடந்தபோது, இதே நாய்களில் ஒன்று வந்து அவர் காலை மோந்து பார்த்தது. அதை அவர் யாருக்கும் சொல்லவில்லை. மோந்து பார்த்துவிட்டு உட்கார்ந்துகொண்டது. இப்போது உட்கார்ந்திருக்கிற மாதிரியே, அவசரம் ஒன்றும் இல்லை என்பது போல.

பொழுது இறங்கியது. செட்டின் தகரக் கூரை கொஞ்ச நேரம் மின்னி அணைந்தது. மயிலை முதுகை வளைத்து முக்கியது, கால்களை மாற்றி வைத்தது, மறுபடியும் முக்கியது. உழுந்துரு சாமி என்று அவர் வாய்விட்டே சொன்னார். ஊருக்குள் கோயில் மைக் செட்டு பாட ஆரம்பித்தது. கம்பி இழுத்த இடத்தில் ஒரு நாய் தலையை உள்ளே விட்டது, பிறகு தோள், பிறகு வயிற்றைத் தேய்த்துக்கொண்டு முழுதும் வந்து உதறிக்கொண்டது. அதற்குப் பின்னால் இன்னொன்று. அவர் எழுந்தார், மரத்தைப் பிடித்துக்கொண்டுதான் எழுந்தார், அதில் சாத்தியிருந்த கோலை எடுத்து ஓங்கினார். முதல் நாய் நின்றது. ஓடவில்லை. கோலையும் பார்த்தது, கோலைப் பிடித்திருந்த கையையும் பார்த்தது, எவ்வளவு தூரம் வீசும் என்று தெரிந்துகொண்டு அதற்கு ஒரு அடி தள்ளி உட்கார்ந்தது. மற்றவை சுற்றிக்கொண்டு பின்பக்கம் போயின. மயிலை கொம்பைத் தாழ்த்தித் திரும்பியது, கன்று அதன் வயிற்றுக்கடியில் தடுமாறியது, முன்பக்கம் குத்தப் போனால் நாய் பின்பக்கம் வருகிறது, பின்பக்கம் திரும்பினால் முன்பக்கம் வருகிறது. அவசரப்படாமல், விளையாட்டுப் போலச் செய்துகொண்டிருந்தன. போன மாதமும் இப்படித்தான் நடந்திருக்கும் என்று அவருக்குத் தெரிந்தது. அவர் தூங்கிக்கொண்டிருந்தபோது. அந்தச் சுற்றலில் மாடு ஒருமுறை பலமாக முக்க, ஈரமான ஒரு சத்தத்தோடு கொடி தரையில் விழுந்தது. அவ்வளவு பெரிதாக இருந்தது அது, ஆவி பறந்தது. நாய்கள் எல்லாம் ஒரே நேரத்தில் மூக்கைத் தூக்கின.

வைக்கோல் தயாராக இருந்தது. பழஞ்சாக்கு இருந்தது, கட்டப் பனைநாரும் கொண்டு வந்திருந்தார். எல்லாவற்றையும் பார்த்தார். பிறகு குனிந்து, இரண்டு கையாலும் கொடியை அள்ளினார், வழுவழுவென்று முழங்கை வரை வழிந்தது, சூடாக இருந்தது, ஒரு பிள்ளையைத் தூக்குவது போல நெஞ்சோடு அணைத்தால்தான் நிற்கும் போலிருந்தது. இத்தனை கன்றுகளின் கொடியை எடுத்த கை அது. அவர் வாழ்நாளில் ஒரு கொடி நாய் வாயில் போனதில்லை. வேலிப் பக்கம் நாலு எட்டு நடந்து, இந்தாங்கடா என்று அதை நாய்களின் நடுவில் எறிந்தார்.

எறிந்த கணம் அவை அவரை மறந்தன. உறுமலும் இழுப்புமாக ஒன்றின் மேல் ஒன்று விழுந்தன, கொடி இரண்டு வாய்க்கு நடுவில் நீண்டது, கிழிந்தது. பார்க்கக் கூடாது என்று இருந்தவர் பார்த்தார். தின்னுங்க என்று சொன்னார். பிறகு கன்றின் வயிற்றுக்கடியில் கையைக் கொடுத்துத் தூக்கித் தோளில் போட்டார். இடுப்பில் ஏதோ பிடித்துக்கொண்டது. பல்லைக் கடித்துக்கொண்டு நின்றார், நின்று, நடந்தார். கன்றின் மூத்திரம் சூடாக முதுகில் இறங்கியது. மயிலை கத்திக்கொண்டே பின்னால் வந்தது, அவர் தோளில் தொங்கிய கன்றின் முகத்தை நக்கியது, நக்கும்போது அவர் காதையும் கழுத்தையும் சேர்த்து நக்கியது. வெட்டிய கிளுவை இருந்த இடத்துக்கு வந்தார். கம்பியை அவிழ்க்கக் கை இல்லை, காலால் மிதித்துக் கீழே அழுத்திப் பிடித்தார், மாடு தாண்டியது, இந்த இடத்தைத் தாண்டப் பார்த்ததற்காகவே எத்தனையோ மாடுகளை அவர் அடித்திருக்கிறார். செட்டு வாசலில் மயிலை நின்றுவிட்டது. தலையைத் தூக்கி மூச்சைப் பலமாக விட்டது, பின்வாங்கியது. அவர் கோபிக்கவில்லை. எனக்கு மட்டும் நல்லாவா இருக்குது என்று சொல்லிவிட்டு, கன்றோடு முதலில் தான் உள்ளே போனார். கண்ணீர் வருகிற நெடி. கால் வைத்த இடத்தில் ஏதோ நொறுங்கியது, இறகு பறந்தது. நடுவில் கொண்டுபோய்க் கன்றை இறக்கி வைத்து அது ஒரு குரல் கொடுத்த பிறகுதான் மாடு உள்ளே வந்தது. கம்பிக் கதவை இழுத்துத் தாழ்ப்பாள் போட்டார்.

தலைகீழாகக் கவிழ்த்து வைத்திருந்த ஒரு தீவன டப்பாவின் மேல் உட்கார்ந்தார். நாய்கள் வந்துவிட்டன. வலையைச் சுற்றி ஒரு நடை நடந்தன, கதவடியில் மூக்கை வைத்து உறிஞ்சின, பிறகு ஒவ்வொன்றாகத் திரும்பி, கம்பி மிதிபட்டுக் கிடந்த இடத்தின் வழியாகக் கொரங்காட்டுக்குள் போயின. மற்ற மாடுகள் தெற்கு மூலையில் கூடி நிற்கும், பெரிய மாடுகளை ஒன்றும் செய்யாது, இன்றைக்குச் செய்யாது. இங்கிருந்து பார்க்க வலைக்கு அப்பால் அவருடைய நிலம் சதுரம் சதுரமாகத் தெரிந்தது. அதை அவர் ஒரு நாளும் இந்தப் பக்கத்திலிருந்து பார்த்ததில்லை. புல்லுக்கு நடுவில் நாய்கள் படுப்பதற்கு இடம் பார்த்துச் சுற்றிச் சுற்றி வந்தன, சௌகரியமாகப் படுத்தன. பின்னால் சப்பென்ற சத்தம் கேட்டுத் திரும்பினார், கன்று காம்பைப் பிடித்துவிட்டது, வாலை வெடுக் வெடுக்கென்று ஆட்டிக்கொண்டு சீம்பாலை இழுத்தது, வாயோரம் மஞ்சளாக நுரைத்து வழிந்தது. வயிறு நிறைந்ததும் அவர் காலடியிலேயே வந்து மடங்கிப் படுத்தது. வெளிச்சம் போய்விட்டது. தனபால் வண்டி வரும், விளக்கைப் போடுவான், அவரை இங்கே பார்ப்பான், ஒன்றும் சொல்லமாட்டான், அந்த ஒன்றும் சொல்லாததைத்தான் தாங்க வேண்டும். வந்ததும் குழியைப் பற்றிக் கேட்கவேண்டும், உன் நாத்தத்தில் எப்படியடா மனிதன் இருப்பது என்று கேட்கவேண்டும், அதற்காகவே மூக்கை நன்றாக இழுத்து ஒரு மூச்சு விட்டுப் பார்த்தார். ஒன்றும் தெரியவில்லை. இன்னொரு தரம் இழுத்தார். பால் வாடை, மாட்டு வாடை, சுண்ணாம்பு கொஞ்சம். அந்தக் கோழி வாடை எங்கே போயிற்று. போகவில்லை, இங்கேதான் இருக்கிறது, அவருடைய மூக்குதான் அதற்குள் சரி என்று சொல்லிவிட்டது, இந்தக் கொஞ்ச நேரத்துக்குள். அடி வயிற்றிலிருந்து கசப்பாக வந்தது, துப்புவதற்கு வாயைக் கூட்டினார். கன்று காலடியில் கிடந்தது. விழுங்கிக்கொண்டார்.